தூரத்துக்கு யார் காசு கொடுப்பது?

அந்த ரசீது இன்னும் என்னிடம் இருக்கிறது. 2009இல் என் அப்பா கைநாட்டு வைத்து வாங்கியது. புதிய மின் இணைப்பு கேட்டதற்கான பதிவுக் கட்டணம். அதில் எழுதியிருக்கும் தொகை அப்பாவின் ஒருநாள் கூலிக்கும் குறைவு. தாளில் எழுதாத தொகைதான் பெரிது. அதைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை.

எங்கள் காலனி ஏரிக்கு அந்தப் பக்கம் இருக்கிறது. பழைய சேரியில் இடம் போதாமல் ஒரே வீட்டில் மூன்று குடும்பம் நெருக்கியடித்துக்கொண்டிருந்தபோது ஆதிதிராவிடர் நலத்துறை வீட்டுமனை கொடுத்தது. முதலில் பார்த்த இடம் ஊரை ஒட்டி, ரோட்டோரம். நிலத்துக்காரர் ஆட்சேபணை செய்தார். ஊர்க்காரர்கள் சேர்ந்து போய்ப் பேசினார்கள். இடம் மாறியது. ஏரிக்கு அப்பால், மழைக்காலத்தில் முழங்கால் தண்ணீர் நிற்கிற பள்ளத்தில் மனை அளந்து கொடுத்தார்கள். ஊரின் கடைசி கரண்ட் கம்பம் ரேஷன் கடைக்கு எதிரே நிற்கிறது. அங்கிருந்து எங்கள் முதல் வீட்டுக்கு ஐந்து கம்பம் வேண்டும் என்று சொன்னார்கள்.

நான் அப்போது கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். 'படிச்ச புள்ள கூட வந்தா மருவாதியாப் பேசுவாங்க' என்று அப்பா என்னையும் கூட்டிப்போனார். மரியாதையாகத்தான் பேசினார்கள். "எஸ்டிமேட் போட்டு மேல அனுப்பியாச்சு தம்பி. போஸ்ட் ஸ்டாக் இல்ல. வந்ததும் சொல்றோம்." ஆறு மாதம் கழித்துப் போனோம். அதே பதில். மூன்றாவது தடவை அந்த அதிகாரி கொஞ்சம் மனம் திறந்தார். "ஊருக்குள்ள இருந்தா ஒயரை இழுத்து மாட்டிட்டுப் போயிடுவோம். நீங்க தூரத்துல இருக்கீங்க. தூரத்துக்கான செலவ யாருப்பா ஏத்துக்கறது?"

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். அவள் முறத்தில் கேழ்வரகு புடைத்துக்கொண்டிருந்தாள். தலை நிமிராமல் கேட்டாள்: "நாமளா போயி தூரமாக் குந்திக்கினோம்? அவனுவ குந்த வச்ச எடத்துல குந்திக்கினு கீறோம். தூரத்துக்குக் காசு நம்மகிட்ட கேட்டா?"

அதற்குப் பிறகு நான் எத்தனையோ சட்டத்தையும் விதியையும் தீர்ப்பையும் படித்துப் பார்த்துவிட்டேன். அம்மா கேட்ட இந்தக் கேள்வி அவற்றில் எங்கேயும் இல்லை.

இந்தியாவில் வீட்டுக்கு மின்சாரம் கேட்கிறவன் எதற்குச் செலவு ஏற்க வேண்டும் என்பதை 1910ஆம் ஆண்டு இந்திய மின்சாரச் சட்டத்தின் அட்டவணை சொன்னது. மின்கம்பெனி தன் வழங்கு கம்பியிலிருந்து நூறு அடி வரைக்கும் தன் செலவில் இழுக்கும். அதற்கு மேல் போனால் செலவு கேட்டவன் தலையில். பின்னால் அடி போய் மீட்டர் வந்தபோது அது முப்பது மீட்டர் ஆனது. கணக்கு மாறவில்லை.

வெள்ளைக்காரன் சாதியை நினைத்து இதை எழுதவில்லை. கம்பெனிக்காரனின் கம்பிச் செலவை நினைத்து எழுதினான். லண்டனில் நூறு அடி என்றால் அது வெறும் நூறு அடி. இங்கே வந்து இறங்கியபோது அடிக்கணக்கு ஏற்கனவே இருந்தது. கேரளத்தில் எந்தச் சாதிக்காரன் எத்தனை அடிக்கு அப்பால் நிற்க வேண்டும் என்று சாதிவாரியாக அளவு வைத்திருந்தார்கள். தமிழகத்தில் அப்படி அடிக்கோல் பிடித்துச் சொல்லவில்லை, அவ்வளவுதான். ஊருக்குக் கிழக்கே, ஏரிக்குக் கீழே, சுடுகாட்டுக்குப் பக்கத்தில், காற்று ஊரிலிருந்து சேரிக்கு வீசலாம், சேரியிலிருந்து ஊருக்கு வீசக்கூடாது என்கிற திசைக்கணக்கு பார்த்து நம்மை வைத்தார்கள். அந்தக் கணக்கின் மேல் இந்த நூறு அடியைக் கொண்டுவந்து வைத்தால் என்ன ஆகும்? ஊருக்குள் இருக்கிறவன் வீடு எப்போதும் நூறு அடிக்குள். நம் வீடு எப்போதும் நூறு அடிக்கு வெளியே. சாதியின் பெயரையே சொல்லாமல் சாதிக்கு ஒரு கட்டணம் போட்டாகிவிட்டது.

அந்தச் சட்டம் போய் 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டம் வந்தது. பிரிவு 43இன்படி வீட்டின் உரிமையாளரோ குடியிருப்பவரோ கேட்டால் ஒரு மாதத்துக்குள் மின்சாரம் கொடுக்க வேண்டும். அதற்கு வேண்டிய கம்பியும் கருவியும் போடுவது விநியோகிப்பவரின் கடமை. கொடுக்கத் தவறினால் நாளொன்றுக்கு 1,000 ரூபாய் வரை அபராதம். படிக்க நன்றாகத்தான் இருக்கிறது. மூன்று பிரிவு தள்ளி 46 வருகிறது. அப்படிக் கம்பி போட 'நியாயமாக' ஆன செலவைக் கேட்டவரிடமே வசூலிக்க மாநில ஒழுங்குமுறை ஆணையம் அனுமதி கொடுக்கலாம் என்கிறது. செலவு நியாயமா என்று பார்க்க ஆணையம் இருக்கிறது. தூரம் நியாயமா என்று பார்க்க யார் இருக்கிறார்கள்?

எங்கள் காலனிக் கதையை முடித்துவிடுகிறேன். ஆறு மாதம் ஒரு வருடம் ஆனது. பிறகு ஒருநாள் ஒயரிங் வேலை பார்க்கிற ஒருவர் மூலமாக வேறொரு கணக்கு வந்தது. அது எந்தத் தாளிலும் இல்லாத கணக்கு. கம்பம் ஏற்றிவர டிராக்டர் வாடகை நாங்கள் கொடுக்க வேண்டும். குழியை நாங்களே வெட்டிவிட வேண்டும். நடுகிற ஆட்களுக்குச் சாப்பாடு. அதற்கும் மேல் 'பார்த்துச் செய்யுங்கள்' என்று ஒரு தொகை. பதினெட்டு வீட்டிலும் வசூல் செய்தார்கள். புருஷன் இல்லாத ஒரு அக்கா கொடுக்க முடியவில்லை, அவள் பங்கைப் பதினேழு வீடு ஏற்றுக்கொண்டது. குழி வெட்டியதில் எனக்கும் பங்குண்டு. ஐந்தில் இரண்டு குழி பாறை. அம்மா கம்மலை அடகு வைத்தாள், அது திரும்பவே இல்லை. இன்று நான் வங்கியில் நகைக்கடன் பிரிவில் உட்கார்ந்திருக்கிறேன். மதிப்பீட்டாளர் உரசிப் பார்த்துத் தருகிற கம்மலைப் பையில் போட்டுச் சீல் வைக்கும்போதெல்லாம், இது எந்தக் காலனியின் எத்தனையாவது கம்பமோ என்று நினைத்துக்கொள்கிறேன்.

கவிதை எழுதுகிறவன் கரண்ட் கம்பத்தைப் பற்றியெல்லாம் எழுதலாமா என்று ஒரு இலக்கிய நண்பர் கேட்டார். அரிக்கேன் விளக்கைப் பற்றி எழுதினால் அழகியல், கரண்ட் கம்பத்தைப் பற்றி எழுதினால் மனுவா? அவர் வீட்டில் என்றைக்கும் கரண்ட் இருந்திருக்கிறது. அதனால் அவருக்கு அரிக்கேன் அழகாகத் தெரிகிறது.

இந்த இடத்தில் அலுவலகத்தில் பக்கத்து நாற்காலிக்காரர் சொல்லுகிற ஒரு வாசகத்தைப் பார்த்துவிட வேண்டும். 'உங்க ஆளுங்களுக்குத்தான் எல்லாமே ஃப்ரீயாச்சே.' காலனிக்கு ஓசி கரண்ட், அதனால்தான் மின்வாரியம் நஷ்டம், அதனால்தான் எங்களுக்கு பில் ஏறுகிறது. இது அவர் ஒருவர் கருத்தில்லை. டீக்கடை முதல் ஏ.சி. அறை வரைக்கும் இதுதான் பொதுப்புத்தி.

எது ஃப்ரீ? குடிசைக்கு ஒரு விளக்கு. 40 வாட்ஸ் பல்பு ஒன்று. அதே ஒயரில் ஒரு ஃபேனை மாட்டினால் திருட்டு. நான் பத்தாவது படித்த காலத்தில் 'ஈ.பி. வண்டி வருது' என்று யாராவது கத்தினால் தெருவே ஓடிப்போய் டேபிள் ஃபேனைப் பிடுங்கிக் கட்டிலுக்கு அடியில் வைக்கும். அரசே வீட்டுக்கு வீடு கலர் டி.வி. கொடுத்த பிறகுதான், கொடுத்த டி.வி.யை எதில் மாட்டுவது என்ற சங்கடம் வந்து, விதியைத் தளர்த்தினார்கள்.

இப்போது இன்னொரு ஃப்ரீயைப் பார்க்கலாம். தமிழகத்தில் விவசாயப் பம்புசெட்டுக்கு மின்சாரம் இலவசம். 1984இல் சிறு விவசாயிகளுக்கு, 1990 முதல் எல்லா விவசாயிகளுக்கும். 20 லட்சத்துக்கும் மேற்பட்ட இணைப்புகள். எழுபதுகளில் விவசாயிகள் மின்கட்டணத்தை எதிர்த்துப் போராடித் துப்பாக்கிச் சூட்டில் உயிர் கொடுத்திருக்கிறார்கள். அந்தப் போராட்டத்தை நான் கொச்சைப்படுத்த மாட்டேன். ஆனால் பம்புசெட்டு வேண்டுமென்றால் கிணறு வேண்டும், கிணறு வேண்டுமென்றால் நிலம் வேண்டும். பஞ்சமி நிலத்தையும் பறிகொடுத்துவிட்டு அடுத்தவன் கழனியில் நாற்று நடுகிறவளுக்கு இதில் என்ன இருக்கிறது? அவள் நடவு நடுகிற சேற்றுக்குத் தண்ணீர் பாய்ச்சுகிற மோட்டாருக்குக் கரண்ட் ஃப்ரீ. அவள் வீட்டு பல்பு பற்றித்தான் பேச்சு.

எங்கள் ஊர் வயல்வெளியில் நீங்கள் ஒருநாள் நடந்துபோய்ப் பாருங்கள். ஒற்றைக் கிணற்றைத் தேடிக்கொண்டு கம்பம் கம்பமாக வரப்பில் போகும் லைனை எண்ணிக்கொண்டே போகலாம். அங்கே தூரம் தூரமாக இல்லை. அது வளர்ச்சி. ஒரு கிணற்றுக்குப் பத்துக் கம்பம் நட்டால் அது பசுமைப் புரட்சி, பதினெட்டு வீட்டுக்கு ஐந்து கம்பம் கேட்டால் ஸ்டாக் இல்லை.

இன்னொரு விஷயம் மாணவர்களுக்காகச் சொல்கிறேன், யாராவது ஆய்வு செய்தால் நல்லது. எண்பதுகளிலேயே தமிழகத்தின் ஏறக்குறைய எல்லாக் கிராமங்களுக்கும் மின்சாரம் வந்துவிட்டது என்று கணக்கு காட்டப்பட்டது. எங்கள் தாத்தா அந்தக் கணக்குக்குள் சிம்னி விளக்கில்தான் செத்தார். இது எப்படி? 1997 வரைக்கும் இந்திய அரசின் விளக்கப்படி, ஒரு வருவாய்க் கிராமத்தின் எல்லைக்குள் எந்தக் காரியத்துக்காவது மின்சாரம் பயன்பட்டால் அது மின்வசதி பெற்ற கிராமம். ஒரு பண்ணையாரின் பம்புசெட்டு போதும். 1997இல் 'குடியிருப்புப் பகுதிக்குள்' என்று திருத்தினார்கள். 2004இல்தான், தலித் குடியிருப்பு இருந்தால் அங்கேயும் டிரான்ஸ்ஃபார்மரும் கம்பியும் போயிருக்க வேண்டும், பள்ளிக்கூடம் போன்ற பொது இடங்களில் மின்சாரம் இருக்க வேண்டும், குறைந்தது 10 சதவீத வீடுகளுக்காவது இணைப்பு இருக்க வேண்டும் என்று விளக்கத்தை மாற்றினார்கள். தலித் குடியிருப்பு என்று தனியாக எழுதிவைக்க வேண்டிவந்ததே, அது என்ன? அதுவரைக்கும் கிராமம் என்ற சொல்லுக்குள் நாம் இல்லை என்பதற்கு அரசாங்கமே எழுதிக்கொடுத்த வாக்குமூலம். சுதந்திரம் வாங்கி 57 வருடம் கழித்து.

அதிலும் 10 சதவீதம். பத்தில் ஒரு வீட்டில் விளக்கு எரிந்தால் ஊரே வெளிச்சம். அந்த ஒரு வீடு எந்தத் தெருவில் இருக்கும் என்று சொல்லவும் வேண்டுமா?

கேட்காமலேயே மின்சாரம் போய்ச் சேர்ந்த ஒரு இடமும் தமிழகத்தில் உண்டு. மதுரை மாவட்டம் உத்தப்புரம். 1989இல் ஊரையும் தலித் குடியிருப்பையும் பிரித்து எழுப்பிய சுவர், ஏறக்குறைய 600 மீட்டர் நீளம். நம் ஆட்கள் ஏறிக் குதித்துவிடக் கூடாதென்று அந்தச் சுவரின் மேல் கம்பி கட்டி மின்சாரம் பாய்ச்சியிருந்தார்கள். 2008 ஏப்ரலில் செய்தி வெளியே வந்து, சட்டமன்றம் வரை போன பிறகுதான் அந்த மின்சாரம் அகற்றப்பட்டது. மே 6ஆம் தேதி சுவரின் ஒரு பகுதி இடிக்கப்பட்டது. அந்தக் கம்பிக்கு யார் எஸ்டிமேட் போட்டார்கள்? எந்தப் பதிவேட்டில் தூரம் குறித்தார்கள்? தீண்டாமைக்குத் தட்டுப்பாடில்லாமல் சப்ளை கிடைத்திருக்கிறது.

நீதிமன்றங்களைப் பற்றிச் சொல்ல வேண்டும். சட்ட இதழ்களைப் புரட்டினால் மின் இணைப்பு வழக்குகள் ஏராளம். பெரும் வழக்குகள் எல்லாம் முதலாளிகளுடையவை. ஏலத்தில் தொழிற்சாலையை வாங்கியவன் பழைய முதலாளியின் கரண்ட் பாக்கியைக் கட்ட வேண்டுமா, கூடாதா? கட்ட வேண்டியதில்லை என்று 1995இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. விதியில் எழுதியிருந்தால் கட்டித்தான் ஆக வேண்டும் என்று 2023இல் மூன்று நீதிபதிகள் அமர்வு சொன்னது. அவர்கள் சண்டை அவர்களோடு. நமக்குச் சம்பந்தமான தீர்ப்புகள் வேறு சில இருக்கின்றன. அவற்றை நம் தோழர்கள் மனப்பாடம் செய்துகொள்ள வேண்டும்.

முதலாவது, உத்தரப் பிரதேசத்து சமேலி சிங் வழக்கு. தலித்துகளுக்கு வீடு கட்ட அரசு நிலம் எடுத்தது. நிலத்துக்காரர்கள் தங்கள் வாழ்வுரிமை போய்விட்டதென்று உச்ச நீதிமன்றம் வரை வந்தார்கள். நீதிபதி கே. ராமசாமி இருந்த அமர்வு 1995 டிசம்பரில் அதைத் தள்ளுபடி செய்தது. வீடு என்பது தலைக்கு மேல் ஒரு கூரை மட்டும் இல்லை, வெளிச்சமும் காற்றும் தண்ணீரும் மின்சாரமும் கழிப்பிடமும் சாலையும் சேர்ந்ததே இருப்பிட உரிமை என்று அந்தத் தீர்ப்பு விரித்துச் சொன்னது. கவனியுங்கள். நமக்கு நிலம் கொடுக்கக் கூடாதென்று ஆண்டைகள் போட்ட வழக்கில்தான் மின்சாரம் நம் வாழ்வுரிமைக்குள் வந்து சேர்ந்தது. எங்கள் ஊர் நிலத்துக்காரரின் ஆட்சேபணையும் அந்த மாதிரியானதுதான். அங்கே அது தோற்றது, எங்கள் ஊரில் ஜெயித்தது. அந்த ஜெயிப்புக்குப் பெயர்தான் ஐந்து கம்பம்.

இரண்டாவது, 2013இல் திருவண்ணாமலை மாவட்டத்திலிருந்து சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போன வழக்கு. புறம்போக்கில் பல வருடமாகக் குடியிருந்த மக்களுக்குப் பட்டா இல்லை என்று இணைப்பு மறுத்தார்கள். மின்சாரம் இல்லாமை பிள்ளைகளின் படிப்பையும் உடல்நலத்தையும் கெடுக்கிறது, அதைப் பெறுவது மனித உரிமை என்று நீதிமன்றம் சொன்னது. நல்ல தீர்ப்பு. ஆனால் புறம்போக்கில் இருக்கிறவர் இணைப்பு வாங்க வேண்டுமானால், இதை வைத்து நிலத்தில் உரிமை கோர மாட்டேன் என்று எழுதிக்கொடுத்துவிட்டுத்தான் வாங்க வேண்டும். வெளிச்சம் வேண்டுமென்றால் மண்ணைக் கேட்காதே. இதுவும் ஒரு விலைதான், ரூபாயில் எழுதாத விலை.

மூன்றாவது, வாடகைக்கு இருக்கிறவர்களுக்கு. இதில் எனக்கு நேர் அனுபவம் இருக்கிறது. வேலை கிடைத்து டவுனில் வீடு தேடியபோது 'தம்பி, நீங்க எந்தப் பக்கம்?' என்ற கேள்வியைத் தாண்டி ஒரு வீடு கிடைக்கவே நான்கு மாதமானது. (எந்தப் பக்கம் என்றால் கிழக்கா மேற்கா என்று கேட்கவில்லை, உங்களுக்கே தெரியும்.) கிடைத்த வீட்டில் சப்-மீட்டர். 2016இலிருந்து வீட்டு இணைப்புக்கு இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் இலவசம். அந்த இலவசம் வீட்டுக்காரர் கணக்கில். எனக்கு முதல் யூனிட்டிலிருந்தே எட்டு ரூபாய். அரசாங்கம் கொடுத்ததை அவர் என்னிடம் விற்றார். தனி இணைப்பு வாங்கிக்கொள்கிறேன், சம்மதக் கடிதம் கொடுங்கள் என்று கேட்டேன். "அப்புறம் வீட்டுக்கே சொந்தம் கொண்டாடுவீங்க" என்றார்.

உரிமையாளர் மறுத்தால் வழி இருக்கிறது. தமிழ்நாடு மின் பகிர்மான விதித்தொகுப்பு 2004, விதி 27. சட்டப்படி குடியிருப்பதற்கான சான்றும் ஈட்டுறுதிப் பத்திரமும் கொடுத்து, காப்புத்தொகையை இரண்டு மடங்காகக் கட்டினால் இணைப்பு பெறலாம். அவர் மறுப்பார், நான் இரண்டு மடங்கு கட்ட வேண்டும்! 2022 மே மாதம் உச்ச நீதிமன்றம் இதை இன்னும் தெளிவாகச் சொன்னது. மின்சாரம் அடிப்படை வசதி, வீட்டுக்காரர் தடையில்லாச் சான்று தரவில்லை என்பதற்காக மறுக்க முடியாது, கேட்பவர் அங்கே குடியிருக்கிறாரா என்பதை மட்டுமே மின்வாரியம் பார்க்க வேண்டும். இந்தத் தீர்ப்பின் நகலை எடுத்துக்கொண்டு அலுவலகத்துக்குப் போனேன். அங்கே இருந்தவர் படித்துப் பார்த்துவிட்டு, "சரிதான் சார், ஆனா எதுக்கும் ஓனர் கிட்ட ஒரு லெட்டர் வாங்கிட்டு வந்துடுங்க" என்றார்.

வங்கியில் இருப்பதால் எனக்கு இன்னொரு முனையும் தெரியும். கணக்குத் தொடங்க வருகிறவர்களின் ஆதாரில் பழைய முகவரி இருந்தால் இப்போதைய முகவரிக்குச் சான்று கேட்போம். இரண்டு மாதத்துக்கு உட்பட்ட கரண்ட் பில் இருந்தால் போதும் என்பது விதி. புறம்போக்கில் குடியிருக்கிற அம்மாவிடம் ஏது பில்? பில் இல்லாததால் முகவரி இல்லை. முகவரிக்குச் சான்று இல்லாததால் கரண்ட் இல்லை. கவுண்ட்டருக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்துகொண்டு 'வேற ஏதாவது ப்ரூஃப் இருக்காம்மா' என்று நானும் கேட்கிறேன். கேட்கும்போது அந்த மின்வாரிய அதிகாரியின் குரல் என் தொண்டையிலிருந்து வருகிறது. இதை ஒப்புக்கொள்ளாமல் மற்றவர்களைத் திட்டுவதில் நேர்மை இல்லை.

செலவு, செலவு என்கிறார்களே, அது உண்மையிலேயே தடையா? 2017 செப்டம்பரில் மத்திய அரசு சௌபாக்யா திட்டம் கொண்டுவந்தது. 2011 சமூகப் பொருளாதாரக் கணக்கெடுப்பின்படி ஏழைகளுக்கு இணைப்பு இலவசம். பட்டியலில் இல்லாதவர்களுக்கு 500 ரூபாய், அதுவும் பில்லோடு சேர்த்துப் பத்துத் தவணையில். ஆக, தேர்தலுக்கு முன்னால் வீடெல்லாம் வெளிச்சம் என்று காட்ட வேண்டியிருந்தால் தூரத்தின் விலை 500 ரூபாய்க்கு இறங்கிவிடும். திட்டம் முடிந்ததும் பழைய விலைக்கு ஏறிவிடும். அப்படியானால் அது கம்பியின் விலை இல்லை. மனசு வைத்தால் சலுகை, வைக்காவிட்டால் எஸ்டிமேட். நாம் சலுகை கேட்கவில்லை.

நம் இயக்கத் தோழர்கள் மீதும் எனக்கு வருத்தம் உண்டு. படுகொலை நடந்தால் ஓடுகிறோம், ஓட வேண்டியதுதான். சிலை உடைந்தால் மறிக்கிறோம். ஆனால் கரண்ட் கம்பம் என்றால் 'அது லோக்கல் பிரச்சினை தோழர், கவுன்சிலர் கிட்ட பேசிக்கலாம்' என்கிறோம். அண்ணல் அம்பேத்கர் அப்படி நினைக்கவில்லை. 1942இலிருந்து 1946 வரை வைஸ்ராயின் நிர்வாகக் குழுவில் தொழிலாளர் துறை உறுப்பினராக இருந்தபோது மின்சாரமும் அவர் பொறுப்பில் இருந்தது. 1943 அக்டோபர் 25 அன்று, போருக்குப் பிந்தைய மின் வளர்ச்சி பற்றி ஆராய்ந்த கொள்கைக் குழுவில் பேசினார். மின்சாரம் மலிவாகவும் தாராளமாகவும் கிடைக்காமல் இந்த நாடு தொழில்மயமாகாது, தொழில்மயமாகாமல் இந்த மக்கள் வறுமைச் சுழலிலிருந்து மீள முடியாது என்பது அவர் வாதம். பாடப்புத்தகம் அவரை அரசியல் சட்டத்தோடு நிறுத்திவிட்டது. நாமும் அவர் கையில் அந்தப் புத்தகத்தை மட்டும் கொடுத்துச் சிலை வைத்துவிட்டோம்.

என் கோரிக்கை ஒன்றுதான். சேரியையும் காலனியையும் ஊருக்கு வெளியே வைத்தது சாதி. வைத்த இடத்துக்குப் பட்டா போட்டுக் கொடுத்தது அரசு. எனவே ஊரின் கடைசிக் கம்பத்திலிருந்து காலனியின் கடைசி வீடு வரைக்கும் ஆகிற செலவு முழுவதும் அரசுடையது. ரசீது போட்டும் ரசீது போடாமலும் அந்தத் தூரத்துக்காக நம்மிடம் ஒரு பைசா வாங்கக் கூடாது. இதை விதித்தொகுப்பில் ஒரு வரியாக எழுதவைக்க வேண்டும். ஒழுங்குமுறை ஆணையம் விதிகளைத் திருத்தும்போது பொதுமக்கள் கருத்துக் கேட்கிறது. முதலாளிகள் சங்கம் வக்கீலோடு போகிறது. நம் பக்கத்து நாற்காலி காலியாக இருக்கிறது.

அதற்கு ஆதாரம் வேண்டும். தனி வட்டாட்சியர் அலுவலகத்தில் உங்கள் காலனிக்கு நிலம் எடுத்த கோப்பு இருக்கும். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். முதலில் எந்த இடம் பார்த்தார்கள், யார் ஆட்சேபித்தார்கள், எந்தத் தேதியில் இடம் மாறியது என்று அதில் இருக்கும். எங்கள் காலனிக் கோப்புக்கு விண்ணப்பம் போட்டிருக்கிறேன். முதல் பதிலில் 'கோப்பு கண்டறியப்படவில்லை' என்று வந்தது. மேல்முறையீடு செய்திருக்கிறேன்.

காலனிக்கு இப்போது பின்னால் ஒரு வரிசை புதிதாக வந்திருக்கிறது. ஏழு வீடு. அப்போது பங்கு கொடுக்க முடியாத அந்த அக்காவின் மகனும் அதில் ஒருவன். ஆன்லைனில் விண்ணப்பம் போட்டுவிட்டு, இன்னும் இரண்டு கம்பம் வேண்டுமாம் என்று போன வாரம் போன் செய்தான். டிராக்டர் வாடகை பற்றிப் பேச்சு வந்ததா என்று கேட்டேன். வந்துவிட்டதாம். கொடுக்காதே என்று சொல்லியிருக்கிறேன்.

வருகிற ஞாயிற்றுக்கிழமை ரேஷன் கடைக் கம்பத்திலிருந்து அந்த ஏழாவது வீடு வரைக்கும் அளக்கப் போகிறோம். ஏரிக்கரை வழியாக நடக்க வேண்டும், செருப்பு வழுக்கும். வர முடிந்த மாணவத் தோழர்கள் காலை ஏழு மணிக்கு வந்துவிடுங்கள். டேப்பை நான் கொண்டுவருகிறேன்.